'ஓவர்வொர்க்' - தமிழில் இதை என்னவென்று எழுதுவது?

சொல்வேட்டை:
எல்லோருக்கும் வணக்கம். வேலையிடத்து உடல்நலம் பற்றிய ஒரு கையேட்டைத் தமிழில் பெயர்த்துக்கொண்டிருக்கிறேன். பாதிக்கு மேல் தடையில்லாமல் ஓடிவிட்டது. இப்போது ஒரு சொல்லில் வந்து வண்டி நிற்கிறது: ஓவர்வொர்க்.

மூலத்தில் அது மூன்று விதமாக வருகிறது. ஓர் இடத்தில் பெயர்ச்சொல்: ஓவர்வொர்க் இதயத்தைக் கெடுக்கும் என்கிறார்கள். இன்னோர் இடத்தில் வினைச்சொல்: நிறுவனம் ஊழியர்களை ஓவர்வொர்க் செய்யக்கூடாது. மூன்றாவது இடத்தில் ஒருவர் தன்னைத்தானே ஓவர்வொர்க் செய்துகொள்கிறார். முதல் வரைவில் மூன்றுக்கும் 'அதிக வேலை' என்று போட்டு நகர்ந்துவிட்டேன். திரும்பப் படித்தால் 'அதிக வேலையால் இதயநோய்' என்பது விடுப்புக் கேட்பவர் சொல்லும் சாக்கு மாதிரி இருக்கிறது. உங்களிடம் நல்ல சொல் இருந்தால் தாருங்கள்.

குறுக்கெழுத்து:
பணிச்சுமை. செய்தித்தாள்கள் எல்லாம் அதைத்தான் எழுதுகின்றன. படிப்பவருக்கும் புரியும். அடுத்த சொல்லுக்குப் போங்கள்.

மறுவாசிப்பு:
அவ்வளவு சீக்கிரம் போக முடியாது நண்பரே. ஒரு சின்னச் சோதனை வைப்போம். 'அதிகப் பணிச்சுமை', 'பணிச்சுமை குறைந்தது' என்றெல்லாம் எழுதுகிறோம் அல்லவா? அப்படியானால் பணிச்சுமை என்பது கூடவும் குறையவும் கூடிய ஓர் அளவு. வேலைப்பளுவும் அப்படியே. ஓவர்வொர்க் அளவு அல்ல, வரம்பு தாண்டிய நிலை. அதன் முன்னால் 'அதிக' என்று சேர்க்கவே தேவையில்லை.

இன்னொன்று. சுமை என்பது தோளில் ஏற்றி வைத்த பொருள். சுமை இருக்கும்போதே அதைச் சுமக்காமல் நிற்கலாம். மேசையில் கோப்பு மலைபோல் குவிந்து கிடக்க, ஐந்து மணிக்கு எழுந்து வீட்டுக்குப் போகிறவருக்குப் பணிச்சுமை உண்டு, ஓவர்வொர்க் இல்லை.

குறுக்கெழுத்து:
அந்த மனிதரை எனக்கு அறிமுகம் செய்து வையுங்கள். சிஷ்யனாகச் சேர்ந்துகொள்கிறேன்.

இரவுப்பணி:
'கடும் உழைப்பு' என்று ஒருவரும் சொல்லவில்லையே, நல்லது. நான் சொல்ல வந்ததும் அதுதான். தமிழில் உழைப்பு என்பது மாலை போட்டு வைத்த சொல். பணி ஓய்வு விழாவில் 'கடின உழைப்பாளி' என்று சொல்லாமல் யாரையும் அனுப்புவதில்லை. அதன் முன்னால் கடும், அயரா, ஓயாத என்று எதைச் சேர்த்தாலும் புகழ்ச்சி கூடுகிறதே தவிர எச்சரிக்கை வருவதில்லை. 'ஓயாத உழைப்பால் இறந்தார்' என்று எழுதிப் பாருங்கள். தியாகிக்கு இரங்கல் எழுதிய மாதிரி ஆகிவிடும்.

நான் முன்பு வேலை பார்த்த இடத்தில் பதினாறு மணி நேரம் உட்கார்ந்திருந்தவரை எல்லோர் முன்னாலும் நிறுத்திக் கைதட்டினார்கள். அடுத்த வாரம் அவர் மயங்கி விழுந்தபோது 'உடம்பைப் பார்த்துக்கொள்ள வேண்டாமா' என்று அவரையே கடிந்துகொண்டார்கள். இரண்டுக்கும் அவர்கள் பயன்படுத்திய சொல் ஒன்றேதான், உழைப்பு.

மறுவாசிப்பு:
இதில் ஒரு வேடிக்கை இருக்கிறது. உழைப்புக்குப் பக்கத்தில் 'உழத்தல்' என்று ஒரு பழைய வினை உண்டு. அதன் பொருள் வருந்துதல், துன்பப்படுதல். குறளில் 'துன்பம் உழத்தொறூஉம்' என்று வருவது துன்பத்தை அனுபவிக்கும் போதெல்லாம் என்ற பொருளில்தான். இன்று உழைப்பு என்றால் வியர்வையும் பெருமையும் நினைவுக்கு வருகின்றன. உழத்தலை அகராதிக்குள் போய்த்தான் தேட வேண்டியிருக்கிறது.

வேப்பமரம்:
எங்கள் பக்கத்துப் பேச்சையும் சேர்த்துக்கொள்ளுங்கள். இலங்கைத் தமிழில் 'முறியிறது' என்று சொல்வோம். 'மாடு மாதிரி முறியிறான்' என்றால் உடம்பு ஒடிய வேலை செய்கிறான் என்று பொருள். ஒரே சொல்லுக்குள் வேலையும் இருக்கிறது, உடைவும் இருக்கிறது. ஓவர்டைமை 'மேலதிக நேர வேலை' என்போம். அதில் முறிவு இல்லை, கொடுப்பனவு உண்டு. கையேட்டில் 'முறிதல்' போட்டால் எலும்பு முறிவு என்று நினைத்துவிடுவார்களோ என்ற பயத்தில் பரிந்துரைக்காமல் விடுகிறேன்.

நூற்கண்டு:
வேப்பமரம் சொன்னதில் முக்கியமான விஷயம் ஒன்று இருக்கிறது. ஓவர்டைம் வேறு, ஓவர்வொர்க் வேறு. ஓ.டி. பார்த்தேன் என்று சொல்கிறவர் மணிக்கணக்கு வைத்திருக்கிறார், அந்த மணிக்குக் காசும் கேட்பார். வீட்டில் படுத்த படுக்கையாகக் கிடக்கும் மாமியாரையும் இரண்டு பிள்ளைகளையும் பார்த்துக்கொள்கிற பெண்ணுக்கு ஓ.டி. என்று ஒன்று உண்டா? அவள் வேலைக்குத் தொடக்க நேரமும் இல்லை, முடிவு நேரமும் இல்லை. அவளும் ஓவர்வொர்க்தான். அதனால் 'மிகைநேரம்' என்று மட்டும் போட்டுவிடாதீர்கள்.

அப்புறம் ஒரு கிளைக்கதை. நான் தையல் தொழில் செய்கிறேன். எங்களுக்கு 'ஒர்க்' என்றால் துணியில் போடும் மணி, சரிகை, பூவேலை. 'ஒர்க் ஓவரா இருக்கு' என்று வாடிக்கையாளர் சொன்னால் என் முதுகுவலியைப் பற்றிப் பேசவில்லை என்று பொருள். துணி தெரியாத அளவுக்குப் பூ போட்டிருக்கிறேன் என்று திட்டுகிறார்.

மறுவாசிப்பு:
அக்கா, கிளைக்கதை என்று சொல்லிவிட்டு வேருக்கே போய்விட்டீர்கள்! பழைய ஆங்கிலத்தில் 'ஓஃபர்விர்கன்' என்ற வினைக்கு மேற்பரப்பு முழுவதும் வேலைப்பாடு செய்தல் என்ற பொருள்தான் இருந்தது. அளவுக்கு மீறி வேலை வாங்குதல் என்ற பொருள் 16-ஆம் நூற்றாண்டில்தான் தலைகாட்டுகிறது. இன்று 'ஓவர்ராட்' என்று ஒரு சொல் இருக்கிறதே, நரம்பு தெறிக்கும் பதற்றத்தில் இருப்பவரைச் சொல்வது, அது ஓவர்வொர்க்கின் பழைய இறந்தகால வடிவம். அதே சொல்லை அலங்காரம் மிகுந்துபோன கவிதைக்கும் கட்டடத்துக்கும் சொல்வார்கள். உங்கள் வாடிக்கையாளர் தெரியாமலே பழம்பொருளில் பேசுகிறார்.

களிமண்:
அந்தப் பொருள் எங்கள் கைத்தொழிலில் இன்னும் உயிரோடு இருக்கிறது. சக்கரத்தில் மண்ணை ஏற்றிச் சுவரை இழுக்கும்போது, போதும் என்று தோன்றிய பிறகும் கையை எடுக்காமல் தண்ணீர் தொட்டுத் தொட்டு நீவிக்கொண்டே இருந்தால் மண் தண்ணீரைக் குடித்துத் தளர்ந்துவிடும். பானை அப்படியே உட்கார்ந்துவிடும். ஆங்கிலத்தில் அதை ஓவர்வொர்க்ட் களிமண் என்பார்கள். நாங்கள் 'மண் சோர்ந்துபோச்சு' என்போம். நீர்வண்ணம் தீட்டுகிறவர்களுக்கும் இது தெரியும். ஒரே இடத்தைத் திரும்பத் திரும்பத் தூரிகையால் தேய்த்தால் தாளின் மேல்நார் எழும்பி, நிறம் கலங்கிச் சேறாகிவிடும்.

இதைச் சொல்வதற்குக் காரணம் இருக்கிறது. இங்கே கெடுவது வேலை செய்கிற கை இல்லை, வேலைக்கு உள்ளாகிற பொருள். மனிதனைப் பற்றி இந்தச் சொல்லைச் சொல்லும்போதும் அவன் கையா, களிமண்ணா என்று கேட்டுப் பார்க்கலாம்.

சொல்வேட்டை:
களிமண் அண்ணா, என் மூன்று வாக்கியங்களின் சிக்கல் இதுதான் என்று இப்போதுதான் புரிகிறது. முதல் வாக்கியத்தில் யார் செய்தது என்றே இல்லை. இரண்டாவதில் நிறுவனம் செய்கிறது. மூன்றாவதில் அவரே செய்துகொள்கிறார். ஆங்கிலம் ஒரே சொல்லை வைத்துக்கொண்டு மூன்று பக்கமும் திரும்புகிறது.

இரவுப்பணி:
தமிழில் அந்தப் பிரிவு வினையிலேயே வந்துவிடும். 'ஓடாய்த் தேய்ந்தான்', 'மாடாய் உழைத்தான்', 'நாயாய் அலைந்தான்' எல்லாவற்றிலும் எழுவாய் உழைப்பவன். தேய்த்தவர் யார் என்று அந்த வாக்கியங்கள் கேட்பதே இல்லை. இந்தப் பக்கம் 'வேலை வாங்கினார்கள்', 'பிழிந்தெடுத்தார்கள்', 'சக்கையாக்கினார்கள்'. இவற்றில் செய்தவர் வெளியே வந்தே ஆக வேண்டும். நடுவில் ஒன்று இருக்கிறது: 'வேலை பெண்டு நிமிர்த்திவிட்டது.' அதில் குற்றவாளி வேலைதான், மனிதர் எல்லோரும் நிரபராதி. அலுவலகங்களில் அதிகம் புழங்குவது இந்த மூன்றாவது வகை என்பது தற்செயல் இல்லை என்று நினைக்கிறேன்.

குறுக்கெழுத்து:
'வேலை வாங்கத் தெரிந்தவர்' என்பது மேலாளருக்குப் பாராட்டு என்பதையும் மறக்க வேண்டாம். வாங்கியதற்குக் கொடுத்தாரா என்று மட்டும் கேட்கக்கூடாது.

மறுவாசிப்பு:
மற்ற மொழிகளையும் கொஞ்சம் எட்டிப் பார்க்கலாம். பிரெஞ்சில் 'சுர்மெனாஜ்' என்ற சொல் இருக்கிறது. அதன் வினை முதலில் குதிரை, பொதிமாடு போன்றவற்றை அளவுக்கு மீறி ஓட்டிக் களைக்க வைப்பதைக் குறித்தது. நம் 'மாடாய் உழைத்தான்' மாட்டைப் பார்க்கிறது. பிரெஞ்சுச் சொல் ஓட்டியவனைப் பார்க்கிறது. ஜெர்மனில் 'யூபர்ஆர்பைட்டன்' என்பது இன்னும் வேடிக்கை. அதற்கு ஓர் எழுத்துப் பிரதியைத் திருத்தி எழுதுதல் என்ற பொருளும் உண்டு. தன்வினையாகச் சொன்னால்தான் உடம்பு கெட உழைத்தல். நம்மைப் போன்ற மொழிபெயர்ப்பாளர்களுக்கு இரண்டு பொருளும் ஒன்றாகவே நடக்கும்.

ஜப்பானிய 'கரோஷி' உங்களுக்குத் தெரிந்திருக்கும். மூன்று எழுத்து: மிகுதி, உழைப்பு, சாவு.

மருந்துச்சீட்டு:
கரோஷி வந்துவிட்டதால் நானும் வருகிறேன். அந்தச் சொல்லின் பின்னணியில் 1969-இல் நடந்த ஒரு மரணம் சொல்லப்படுவது வழக்கம். ஒரு செய்தித்தாளின் அனுப்புகைப் பிரிவில் வேலை பார்த்த 29 வயது ஊழியர் பக்கவாதத்தில் இறந்தார். சொல் பரவலானது அதற்குப் பல ஆண்டுகள் கழித்து. சொல் கிடைத்த பிறகு இழப்பீடு கேட்டு வாதாடும் குடும்பங்கள் பெருகின. 2014-இல் கரோஷியைத் தடுப்பதற்கென்றே அங்கே சட்டம் வந்தது. இழப்பீட்டுக்கு அவர்கள் பார்க்கிற கோடும் எண்ணால் ஆனது. நோய் வருவதற்கு முந்தைய ஒரு மாதத்தில் 100 மணி நேர ஓவர்டைம், அல்லது இரண்டு முதல் ஆறு மாதங்களில் சராசரியாக மாதம் 80 மணிக்கு மேல் என்றால் வேலைக்கும் நோய்க்கும் வலுவான தொடர்பு உண்டு என்று எடுத்துக்கொள்வார்கள்.

சொல்வேட்டை, உங்கள் கையேட்டில் இதயநோய்ப் பகுதியில் எண் ஏதாவது இருக்கிறதா? இருந்தால் அந்த இடத்தில் எச்சரிக்கையாக இருங்கள். உலக சுகாதார நிறுவனமும் பன்னாட்டுத் தொழிலாளர் அமைப்பும் 2021-இல் வெளியிட்ட ஆய்வு இருக்கிறது. வாரம் 55 மணி அல்லது அதற்கு மேல் வேலை செய்பவர்களுக்கு, 35 முதல் 40 மணி செய்பவர்களைவிடப் பக்கவாத ஆபத்து 35 விழுக்காடும், இதயக் குருதிக்குறை நோயால் இறக்கும் ஆபத்து 17 விழுக்காடும் அதிகம் என்று அது மதிப்பிட்டது. 2016-இல் நீண்ட பணிநேரத்தோடு தொடர்புடைய இறப்புகள் 7,45,000 என்றும் சொன்னது.

சொல்வேட்டை:
ஆமாம், அந்த 7,45,000 தான் இருக்கிறது. 'ஓவர்வொர்க் கொன்றது' என்று தலைப்பு.

மருந்துச்சீட்டு:
நினைத்தேன். அந்த ஆய்வு அளந்தது மணி நேரத்தை. ஓவர்வொர்க்கை நேரடியாக அளக்க முடியாது. 60 மணி வேலை செய்து நன்றாகத் தூங்குபவர் இருப்பார். 35 மணி வேலையில் ஆளே இல்லாமல் மூன்று பேர் வேலையைச் செய்து நொறுங்கியவரும் இருப்பார். அதனால் எண் வருகிற வாக்கியத்தில் 'நீண்ட பணிநேரம்' என்றே எழுதுங்கள். தலைப்பில் வேண்டுமானால் உங்கள் புதுச் சொல்லைப் போடலாம்.

குறுக்கெழுத்து:
டாக்டர், அப்போது வேலையால் ஆள் எரிந்து தீர்ந்துபோவதை 'பர்ன்அவுட்' என்கிறார்களே, அது?

மருந்துச்சீட்டு:
அது விளைவு, இது காரணம். 1974-இல் ஃபிராய்டன்பெர்கர் என்ற உளவியலாளர் அதை எழுதினார். உலக சுகாதார நிறுவனத்தின் நோய் வகைப்பாட்டின் பதினோராம் பதிப்பு அதை வேலையோடு தொடர்புடைய ஒரு நிலை என்கிறது, நோய் என்று சொல்லவில்லை. ஓவர்வொர்க் இருந்தும் பர்ன்அவுட் வராதவர்கள் உண்டு. மறுபக்கமும் உண்டு. இதற்குத் தனி இழை தொடங்குங்கள்.

மறுவாசிப்பு:
சாவுக்குக் காரணமாக இந்தச் சொல்லை எழுதலாமா என்ற சண்டை ஜப்பானுக்கு முன்பே நடந்திருக்கிறது. 1863 ஜூன் கடைசியில் லண்டன் நாளிதழ்களில் ஒரு செய்தி வந்தது. தலைப்பை 'வெறும் ஓவர்வொர்க்கால் மரணம்' என்று பெயர்க்கலாம். மேரி ஆன் வாக்லி, வயது 20, பெரிய இடத்துப் பெண்களுக்கு உடை தைக்கும் கடையில் வேலை. விருந்து ஒன்றுக்கான உடைகளை முடிக்க, மற்ற அறுபது பெண்களோடு இடைவிடாமல் 26½ மணி நேரம் தைத்தாள். வெள்ளிக்கிழமை படுத்தாள், ஞாயிற்றுக்கிழமை இறந்தாள். மார்க்ஸ் 'மூலதனம்' முதல் தொகுதியில் வேலைநாள் பற்றிய அத்தியாயத்தில் இதை எழுதியிருக்கிறார்.

கவனிக்க வேண்டியது விசாரணையில் நடந்தது. மருத்துவர், நெரிசலான அறையில் நீண்ட நேர வேலையும் காற்றோட்டமில்லாத படுக்கையறையும்தான் காரணம் என்று சாட்சி சொன்னார். நடுவர் குழு ஒப்புக்கொள்ளவில்லை. மூளைக் குருதிப்போக்கால் இறந்தாள், ஆனால் நெரிசலான அறையில் செய்த ஓவர்வொர்க் மரணத்தை விரைவுபடுத்தியிருக்கலாம் என்று அஞ்சக் காரணம் உண்டு என்று முடித்தார்கள். மருத்துவர் காரணம் என்றதை அவர்கள் 'அஞ்சக் காரணம்' ஆக்கிவிட்டார்கள்.

நூற்கண்டு:
இருபது வயது. நான் இந்தத் தொழிலுக்கு வந்த வயது. திருவிழாக் காலத்தில் இரண்டு நாள் சேர்ந்தாற்போல் மிஷினை விட்டு எழாமல் தைத்திருக்கிறேன். மூன்றாம் நாள் ஊசி எங்கே இருக்கிறது என்று கண்ணுக்குத் தெரியாது, விரல் தானாக நகரும். அப்போது யாராவது கேட்டிருந்தால் 'சீசன்' என்றுதான் சொல்லியிருப்பேன். ஓவர்வொர்க் என்ற சொல் அன்றைக்கு எனக்குத் தெரியாது. தெரிந்திருந்தால் எழுந்திருப்பேனா என்றும் சொல்ல முடியவில்லை.

வேப்பமரம்:
அக்கா சொன்ன 'சீசன்' போல இன்னும் எத்தனை மறைப்புச் சொற்கள். 'டெட்லைன்', 'ரிலீஸ்', 'ஆண்டு முடிவு', 'ஆள் பற்றாக்குறை'. எல்லாம் தற்காலிகம் என்று பொருள்படும் சொற்கள். ஆண்டு முழுவதும் தற்காலிகம்.

சொல்வேட்டை:
இரண்டு நாளாக எல்லாவற்றையும் படித்து, வாக்கியங்களில் வைத்துப் பார்த்தேன். இப்போதைக்கு இப்படி:

பெயர்ச்சொல்லுக்கு 'மிகையுழைப்பு'. இரவுப்பணி சொன்ன மாலை இன்னும் அதன் கழுத்தில் கிடக்கிறது என்று தெரியும். ஆனால் 'மிகை' நம் காதுக்குக் குற்றம் சொல்லும் முன்னொட்டு. மிகைப்படுத்தாதே, மிகை நடிப்பு என்றெல்லாம் பழகியிருக்கிறோம். உழைப்பின் பெருமையை அது கொஞ்சம் இறக்கிவிடுகிறது. வினைக்கு 'அளவுக்கு மீறி வேலை வாங்குதல்'. தன்னைத்தானே செய்துகொள்வதற்கு 'உடம்பைப் பாராமல் உழைத்தல்'. எண் வரும் இடங்களில் 'நீண்ட பணிநேரம்'.

இரவுப்பணி:
மூன்றாவது அருமை. நம் பாட்டிகள் சொல்வது. ஆனால் கையேட்டில் அது எத்தனை தடவை வருகிறது என்று எண்ணிப் பாருங்கள். பத்து இடத்தில் தொழிலாளி உடம்பைப் பாராமல் உழைத்து, ஓர் இடத்தில் மட்டும் நிறுவனம் வேலை வாங்கினால் படிப்பவர் யாரைக் குற்றம் சொல்வார்?

சொல்வேட்டை:
எண்ணினேன். ஆறுக்கு ஒன்று. மூலத்திலேயே அப்படித்தான்.

வேறு செய்தியும் இருக்கிறது. வரைவைச் சரிபார்க்கிறவர்கள் திருப்பி அனுப்பியிருக்கிறார்கள். 'மிகையுழைப்பு' சரியாம். 'உடம்பைப் பாராமல்' மிகவும் பிடித்திருக்கிறதாம். 'நிறுவனம் ஊழியர்களிடம் அளவுக்கு மீறி வேலை வாங்கக்கூடாது' என்பது மட்டும் கடுமையாக இருக்கிறதாம். 'ஊழியர்கள் மிகையுழைப்புக்கு உள்ளாகாமல் பார்த்துக்கொள்வது நல்லது' என்று மாற்றச் சொல்கிறார்கள்.

குறுக்கெழுத்து:
பார்த்துக்கொள்வது யார்? ஊழியரின் அம்மாவா?

மறுவாசிப்பு:
மூலத்தில் எழுவாய் நிறுவனம்தானே? அப்படியானால் இது நடையைப் பற்றிய கேள்வியே இல்லை, பிழை. அப்படியே எழுதி அனுப்புங்கள். கடுமைதான் உறுத்துகிறது என்றால் 'நிறுவனத்தால் ஊழியர்களிடம் அளவுக்கு மீறி வேலை வாங்கப்படக் கூடாது' என்று செயப்பாட்டில் கொடுத்துப் பாருங்கள். சுற்றிவளைத்தாலும் எழுவாய் இருந்த ஆள் வாக்கியத்துக்குள்ளேயே இருப்பார்.

சொல்வேட்டை:
அதையே அனுப்பினேன். இன்று காலை பதில் வந்தது. ஒப்புக்கொண்டுவிட்டார்கள். 'நிறுவனத்தால்' என்ற ஒரு சொல்லை மட்டும் இடம் போதாது என்று எடுத்திருக்கிறார்கள்.